பாஞ்சோ வில்லா விழுந்தது செலாயாவிலா, அதற்கு முன்பேயா?

ஜூன் 3, காலை 7.12 (கேள்வி)

மெக்சிகோ புரட்சியைப் பற்றி ஒரு காணொளி பார்த்தேன். பாஞ்சோ வில்லா ஒரு குதிரைத் திருடன், அதிர்ஷ்டத்தில் தளபதி ஆனவன், செலாயாவில் முள்கம்பி வேலி இருப்பது தெரிந்தும் குதிரைகளை ஏவி ஒரே வாரத்தில் அழிந்தவன் என்று முடிக்கிறார்கள். 1915 ஏப்ரலோடு கதை முடிந்தது, சரிதானே? விஷயம் தெரிந்த அண்ணன்மார் யாராவது சொல்லுங்கள்.

ஜூன் 3, இரவு 9.40

சரியில்லை தம்பி. செலாயாவில் விழுந்தது குதிரைப்படை. ஆள் விழ ஆரம்பித்தது அதற்குப் பத்து மாதம் முன்னால், வாழ்க்கையிலேயே பெரிய வெற்றி கையில் இருந்த வாரத்தில். 1914 ஜூன் 23 அன்று சக்கதேக்காஸ் நகரைப் பிடித்தார். அங்கிருந்து தெற்கே தலைநகர் மெக்சிகோ சிட்டிக்கு ரயில் பாதை இருக்கிறது, எதிரே அரசுப் படை நொறுங்கிக் கிடக்கிறது. எஞ்சினில் போடத்தான் கரி இல்லை. கரியை நிறுத்தியவர் எதிரி அல்ல, அவர் பக்கத்துத் தலைவரான கர்ரான்சாதான்.

நான் ரயில்வேயில் கூட்ஸ் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவன். எதையும் தண்டவாளத்தில் வைத்துப் பார்க்கிற கோளாறு உண்டு. இந்த ஆள் விஷயத்தில் அந்தக் கோளாறு கொஞ்சம் உதவும் என்று நினைக்கிறேன்.

ஜூன் 3, இரவு 10.15

குதிரைத் திருடன் என்பதை மறுக்க முடியாது. மாடும் திருடினார். இயற்பெயர் தொரோத்தியோ அராங்கோ, 1878-ல் துராங்கோ மாநிலத்தில் பண்ணையில் விளைச்சலில் பங்குக்கு உழுத குடும்பத்தில் பிறந்தவர். தங்கையிடம் தவறாக நடக்க வந்த பண்ணையாரைச் சுட்டுவிட்டு மலைக்கு ஓடினார் என்ற கதை எல்லாக் காணொளியிலும் வரும். அவர் தரப்பில் சொன்ன கதை அது. வேறு உறுதியான சாட்சி கிடையாது. கேட்க நன்றாக இருக்கிறது, அதற்கு மேல் அதை வைத்து எதையும் கட்டாதீர்கள்.

ஜூன் 4, மாலை 6.05

எழுச்சியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், எல்லோருக்கும் தெரிந்த பகுதி.

1876-ல் ஆட்சியைப் பிடித்த போர்ஃபிரியோ தியாஸை இறக்க, தேர்தலில் அவரை எதிர்த்து நின்ற மதேரோ 1910 நவம்பரில் அழைப்பு விடுத்தார். சிவாவா மாநிலத்தில் ஆள் திரட்டிய ஆப்ரகாம் கொன்சாலெஸ், வில்லாவையும் சேர்த்துக்கொண்டார். 1911 மே மாதம் எல்லை நகரமான ஹுவாரெஸை மதேரோ "வேண்டாம், பொறுங்கள்" என்று சொல்லச் சொல்ல, ஒரோஸ்கோவும் வில்லாவும் தாக்கிப் பிடித்தார்கள். அதே மாதக் கடைசியில் தியாஸ் பதவி விலகினார். மேலிடத்து உத்தரவை மீறி ஜெயித்தால் மேலிடம் வாயை மூடிக்கொள்ளும் என்பதை வில்லா அங்கேதான் கற்றார். பின்னால் அவரைக் கெடுத்ததும் இந்தப் பாடம்தான் என்பது என் கணிப்பு.

1912-ல் அரசுத் தளபதி உவேர்த்தாவின் கீழ் சண்டை போட்டார். ஒரு குதிரை விவகாரம், கீழ்ப்படியாமை என்று காரணம் காட்டி உவேர்த்தா அவரைச் சுவரோரம் நிறுத்திச் சுடச் சொன்னார். வில்லா அழுது கெஞ்சினார். கடைசி நேரத்தில், அப்போது ஜனாதிபதியாக இருந்த மதேரோவின் தந்தி வந்து உயிர் தப்பியது. அப்புறம் தலைநகரில் சிறை. அங்கே, தெற்கே நிலத்துக்காகக் கிளர்ச்சி செய்த சபாத்தாவின் ஆளான மகான்யா பக்கத்தில் இருந்து எழுத்தும் அரசியலும் கொஞ்சம் சொல்லிக்கொடுத்தார். டிசம்பரில் தப்பி அமெரிக்க எல்லைக்குள் எல் பாசோ போய்ச் சேர்ந்தார்.

1913 பிப்ரவரியில் உவேர்த்தா ஆட்சியைக் கவிழ்த்தார், மதேரோவைக் கொன்றார்கள். மார்ச்சில் ஆப்ரகாம் கொன்சாலெஸும் போனார். அதே மார்ச்சில் வில்லா எட்டு ஆட்களோடு ஆற்றைக் கடந்து திரும்பினார். செப்டம்பரில் மற்ற தளபதிகள் கூடி அவரையே தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். வடக்குப் படைப்பிரிவு உருவானது அப்படித்தான். அக்டோபர் ஆரம்பத்தில் தொர்ரெயோன் விழுந்தது. தொர்ரெயோன் பெரிய ரயில் சந்திப்பு. எஞ்சின், பெட்டி, பட்டறை எல்லாம் கிடைத்தது. எட்டுப் பேரில் தொடங்கி இங்கே வர ஏழு மாதம்கூட ஆகவில்லை.

ஜூன் 5, இரவு 11.20

தூக்கம் வரவில்லை. எனக்குப் பிடித்த கட்டத்தை எழுதிவிடுகிறேன்.

1913 நவம்பர். சிவாவா நகரத்தைத் தாக்கி வில்லாவால் பிடிக்க முடியவில்லை. அந்த நேரம் பார்த்து ஹுவாரெஸிலிருந்து தெற்கே வந்த கரி வண்டி ஒன்று அவர் ஆட்களிடம் மாட்டியது. கரியை இறக்கிவிட்டு ஏறக்குறைய 2,000 பேரை ஏற்றினார். பிறகு பக்கத்து நிலையத்துத் தந்திக்காரர் தலையில் துப்பாக்கியை வைத்து, அந்த வண்டியின் பொறுப்பாளர் பேசுவது போல ஹுவாரெஸுக்கு ஒரு தந்தி: தெற்கே கலகக்காரர்கள், முன்னே போக வழியில்லை, என்ன செய்ய? ஹுவாரெஸிலிருந்து பதில் வந்தது: திரும்பி வா, ஒவ்வொரு நிலையத்திலும் நின்று தகவல் கொடு.

அதைவிட வேறென்ன வேண்டும்? ஒவ்வொரு நிலையத்திலும் இறங்கினார்கள், தந்திக்காரரைப் பிடித்தார்கள், "வந்துவிட்டோம், அடுத்ததுக்குப் போகலாமா" என்று கேட்டார்கள், "வா" என்று பதில் வந்தது. நவம்பர் 15 அதிகாலை இரண்டு மணி வாக்கில் வண்டி ஹுவாரெஸ் நிலையத்துக்குள் நுழைந்தபோது காவல்படையில் பாதிப் பேர் தூக்கத்தில், மீதிப் பேர் சூதாட்ட விடுதியில். விடிவதற்குள் ஊர் கைமாறியது.

இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு உடம்பு சிலிர்க்கும். வேலையில் இருந்த காலத்தில் நடுராத்திரி ஒரு சின்ன ரோட்சைடு ஸ்டேஷனில் வண்டி நின்றால், பிரேக் வேனிலிருந்து இறங்கி ஸ்டேஷன் மாஸ்டர் அறைக்குப் போவேன். அவர் கருப்பு போனைக் காதில் வைத்து அடுத்த ஸ்டேஷனிடம் லைன் கிளியர் (வண்டியை அனுப்ப அனுமதி) கேட்டுக்கொண்டிருப்பார். அடுத்த முனையில் யார் என்று முகம் தெரியாது, வெறும் குரல்தான். அந்தக் குரலை நம்பி ஆயிரம் டன்னுக்கு மேல் சரக்கு கிளம்பும். அதனால்தான் எங்களுக்கு பிரைவேட் நம்பர் என்று ஒன்று வைத்திருந்தார்கள். மாஸ்டர் கையில் பூட்டி வைத்த தாள் இருக்கும். ஒரு செய்தி சொன்னால் தாளில் உள்ள அடுத்த எண்ணைச் சொல்லி, எழுதிக்கொண்டு, அடித்துவிட வேண்டும். எண் வராமல் செய்தி செல்லாது. ஹுவாரெஸ்காரர்களுக்கு அப்படி ஒன்று இருந்திருந்தால் வில்லாவுக்கு அன்றைக்குக் கஷ்டம்.

ஜூன் 6, காலை 8.30

"தலையில் துப்பாக்கி வைத்தால் பிரைவேட் நம்பரும் தானாக வரும்" என்று ஒருவர் கீழே எழுதியிருக்கிறார். வரும்தான் ஐயா, மறுக்கவில்லை. ஆனால் எங்கள் மாஸ்டர்களில் ஓரிருவர் துப்பாக்கிக்காரனையே ரெஜிஸ்டரில் கையெழுத்துப் போடச் சொல்லியிருப்பார்கள்.

அதே நவம்பரில் தியெர்ரா பிளாங்கா சண்டையில் அரசுப் படை ரயிலில் ஏறித் தப்பப் பார்த்தது. ரொதொல்ஃபோ ஃபியெர்ரோ என்பவன் குதிரையில் துரத்திப் போய், ஓடுகிற வண்டியில் தாவி ஏறி, பிரேக் போட்டு நிறுத்தினான். வண்டியில் இருந்தவர்கள் கதி அவ்வளவுதான். இந்த ஃபியெர்ரோ பழைய ரயில்வேத் தொழிலாளி. வில்லாவின் ஆட்களில் இவனைவிடக் கொடூரமானவன் கிடையாது, கைதிகளைக் கூட்டம் கூட்டமாகச் சுட்டவன். நம்ம ரயில்வே ஆள் இப்படி என்பது எனக்குக் கொஞ்சம் சங்கடம். 1915 அக்டோபரில் குதிரையோடு சேற்றில் மூழ்கிச் செத்தான். இடுப்பில் தங்கக் காசு கட்டியிருந்ததால் எழ முடியவில்லை என்று சொல்வார்கள்.

ஜூன் 7, மாலை 5.45

நிலத்துக்கு வருகிறேன். திருச்சிக்காரர் ஒருவர் "வில்லா ஏழைகளுக்கு நிலம் கொடுத்தார்" என்று எழுதியிருந்தார். கொடுக்கவில்லை சார். கொடுப்பேன் என்றார்.

1913 டிசம்பரில் சிவாவா கவர்னர் ஆனார். அந்த மாநிலத்தில் தெர்ராசாஸ் குடும்பம் ஒன்றுக்கு மட்டும் சுமார் 70 லட்சம் ஏக்கர் நிலம் இருந்தது. அதையெல்லாம் பறிமுதல் செய்து ஆணை போட்டார். ஆணையில் இருந்தது இது: இப்போதைக்கு பண்ணைகளை அரசே நடத்தும், வருமானம் படைக்கும், போரில் செத்தவர்களின் விதவைகளுக்கும் அநாதைகளுக்கும் போகும், வெற்றிக்குப் பிறகு நிலம் பங்கு பிரிக்கப்படும்.

காரணம் புரியாமல் இல்லை. தெர்ராசாஸ் மந்தைகளை எல்லைக்கு அப்பால் ஓட்டி விற்றால் டாலர் வரும். தொர்ரெயோன் பக்கத்துப் பருத்தியை விற்றாலும் டாலர். டாலர் கொடுத்தால் எல் பாசோவில் துப்பாக்கி, தோட்டா, சீருடை எல்லாம் கிடைக்கும். நிலத்தை அன்றே பிரித்துக் கொடுத்தால் மந்தையும் போகும், நிலம் கிடைத்த சிப்பாயும் உழப் போய்விடுவான். தெற்கே மொரேலோஸில் சபாத்தா அப்படித்தான் செய்தார். நிலம் கைக்கு வந்த ஆட்கள் விதைப்புக் காலத்தில் ஊருக்குப் போனார்கள். அதனால் அவர் படை மாநிலத்தை விட்டு வெளியே வந்து பெரிதாக எதுவும் செய்ய முடியவில்லை.

வில்லாவின் படை ரயிலேறி எங்கே வேண்டுமானாலும் போகும். 40 பெட்டி கொண்ட ஆஸ்பத்திரி ரயிலே வைத்திருந்தார், உள்ளே எனாமல் பூசி, அறுவை மேசை போட்டு, டாக்டர்களோடு. ஆனால் மந்தை குட்டி போடுகிற வேகத்தைவிட விற்கிற வேகம் அதிகம். விதை நெல்லைக் குத்தித் தின்ற கதைதான். 1915-ல் ஓட்டிப் போய் விற்க மாடு இல்லை.

காகிதப் பணமும் அடித்தார். மதேரோ, ஆப்ரகாம் கொன்சாலெஸ் இருவர் முகமும் போட்ட நோட்டு. வாங்க மறுப்பவனுக்குச் சிறை. படை ஜெயிக்கிற வரை எல்லைக்கு அந்தப் பக்கம் அமெரிக்க வியாபாரிகளே அதை வாங்கிப் பதுக்கினார்கள். தோற்க ஆரம்பித்ததும் அது வெறும் காகிதம்.

ஜூன் 7, இரவு 8.10

சினிமா கம்பெனிக்குச் சண்டையை விற்றது உண்மையா என்று கேட்டவருக்கு: உண்மை. 1914 ஜனவரியில் மியூச்சுவல் ஃபிலிம் என்ற நிறுவனத்தோடு ஒப்பந்தம், 25,000 டாலர், லாபத்தில் பங்கு. படமெடுக்க வெளிச்சம் வேண்டும் என்பதால் பகலில்தான் சண்டை போடுவேன் என்று எழுதிக் கொடுத்தார் என்பது மட்டும் கட்டுக்கதை, ஒப்பந்தத்தில் அப்படி வரியே இல்லை. சும்மா யோசித்தாலே தெரியும்: ஹுவாரெஸில் ராத்திரி இரண்டு மணிக்கு நுழைந்த ஆள் அப்படிக் கையெழுத்துப் போடுவாரா?

ஜூன் 9, மதியம் 2.30

இப்போது கரி.

கர்ரான்சா பண்ணையார் வீட்டு ஆள், கோவாவீலா மாநில கவர்னராக இருந்தவர், வெள்ளைத் தாடி, நிதானப் பேச்சு. புரட்சிக்கு "முதல் தலைவர்" என்று தனக்குத்தானே பட்டம் வைத்துக்கொண்டவர். வில்லா தலைநகரை முதலில் பிடித்துவிட்டால் தன் தலைமை வெறும் தாடியோடு நின்றுவிடும் என்பது அவருக்குத் தெரியும். அதனால் 1914 ஜூனில் சக்கதேக்காஸைப் பிடிக்க வேறொரு தளபதி நத்தேராவை அனுப்பினார். நத்தேரா முட்டி மோதித் திரும்பினார். உடனே வில்லாவுக்குத் தந்தி: உன் படையிலிருந்து 3,000 பேரை அவருக்கு அனுப்பு. அப்புறம் அது 5,000 ஆனது.

வில்லா தொர்ரெயோன் தந்தி அறையில் உட்கார்ந்திருக்கிறார். கம்பியின் மறுமுனையில் கர்ரான்சா. துண்டு துண்டாக ஆள் அனுப்பினால் துண்டு துண்டாகத்தான் சாவார்கள், நானே முழுப் படையோடு போகிறேன் என்கிறார் வில்லா. முடியாது என்கிறார் கர்ரான்சா. எரிச்சலில் "வேறு யாரையாவது தளபதியாகப் போட்டுக்கொள்ளுங்கள்" என்று வில்லா தட்டச் சொல்ல, கர்ரான்சா சட்டென்று ஏற்றுக்கொண்டு, மற்ற தளபதிகளே கூடி ஒருவரைத் தேர்ந்தெடுக்கட்டும் என்றார். அவர்கள் கூடினார்கள். வில்லாதான் எங்கள் தலைவர், புறப்படுகிறோம் என்று பதில் அனுப்பினார்கள். முழுப் படையும் ரயிலேறியது. பீரங்கியை ஃபெலிப்பே ஆங்கெலெஸ் பார்த்துக்கொண்டார், முறைப்படி பயிற்சி பெற்ற ராணுவ அதிகாரி, அந்தப் படையிலேயே படித்த மூளை. ஒரே நாளில் சக்கதேக்காஸ் முடிந்தது. அரசுப் படையில் செத்தவர்கள் ஆயிரக்கணக்கில். அடுத்த மாதமே உவேர்த்தா பதவி விலகினார்.

1911-ல் கற்ற பாடத்தின்படி மேலிடம் இப்போது வாயை மூட வேண்டும். இந்த மேலிடம் வாயைத் திறக்கவே இல்லை, கரியைத்தான் நிறுத்தியது. கரிச் சுரங்கமெல்லாம் கோவாவீலாவில், கர்ரான்சா ஆட்கள் கையில்.

மீட்டர் கேஜில் கரி எஞ்சின் ஓடிய கடைசிக் காலத்தில் நான் வேலை பார்த்திருக்கிறேன். தரம் கெட்ட கரி வந்தாலே ஃபயர்மேன் எவ்வளவு அள்ளிப் போட்டாலும் ஸ்டீம் ஏறாது. ஏற்றத்தில் வண்டி நின்றுவிடும், டிரைவர் என்னைத் திட்டுவார், நான் கண்ட்ரோலைத் திட்டுவேன். மோசமான கரிக்கே அந்தப் பாடு. இவருக்குக் கரியே இல்லை. படை, குதிரை, பீரங்கி, கூடவே வரும் பெண்டு பிள்ளைகள், ஆஸ்பத்திரிப் பெட்டி அத்தனையும் தண்டவாளத்தில். வடக்கே திரும்புவதைத் தவிர வழியில்லை. மேற்குக் கரையோரமாக வந்த கர்ரான்சாவின் தளபதி ஒப்ரெகோன் ஆகஸ்டில் தலைநகருக்குள் நுழைந்தார்.

வில்லா தலைநகருக்கு வந்தபோது டிசம்பர் ஆகிவிட்டது. அதற்குள் அவரும் கர்ரான்சாவும் வெளிப்படையான எதிரிகள்.

ஜூன் 9, இரவு 9.00

அந்த நாற்காலிப் படம் தெரியுமல்லவா? ஜனாதிபதி நாற்காலியில் வில்லா பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிறார், பக்கத்தில் சபாத்தா தொப்பியை முழங்காலில் வைத்துக்கொண்டு பல்வலிக்காரர் மாதிரி முறைக்கிறார். 1914 டிசம்பர் 6. இரண்டு நாள் முன்பு சொச்சிமில்கோவில் இருவரும் முதல்முறை சந்தித்தபோது சபாத்தா பிராந்தி ஊற்றிக் கொடுத்தார். வில்லா குடிக்காத ஆள். மரியாதைக்கு ஒரு மடக்கு விழுங்கிக் கண்ணீர் வந்து தண்ணீர் கேட்டார். அவருக்கு இனிப்புதான் பலவீனம், எல் பாசோவில் ஐஸ்கிரீமும் கடலை மிட்டாயும் தின்றவர்.

இரண்டு பேருக்கும் அந்த நாற்காலி வேண்டாம். வேண்டும் என்பவர் வேராகுரூஸ் துறைமுகத்தில் சுங்க வருமானத்தோடு உட்கார்ந்திருந்தார். உடனே விரட்டிப் போய்க் கர்ரான்சாவைக் கடலில் தள்ளுங்கள் என்று ஆங்கெலெஸ் சொன்னதை வில்லா கேட்கவில்லை, வடக்கே என் ரயில் பாதை அறுந்துவிடும் என்றார். ரயில்காரனாக எனக்கு அந்தப் பயம் புரிகிறது. ஆனால் அன்றைக்கு ஆங்கெலெஸ் சொன்னதுதான் சரி.

ஜூன் 11, மாலை 4.20

செலாயா. தம்பி காத்திருக்கிறார்.

ஒப்ரெகோன் சொனோராவில் கொண்டைக்கடலை பயிரிட்டவர், அதற்கென்று ஓர் இயந்திரம்கூடச் செய்தவர். ஐரோப்பாவில் அப்போது நடந்துகொண்டிருந்த பதுங்குகுழிச் சண்டையைக் கவனித்து வந்தார். செலாயாவைச் சுற்றி வயல், வயலைச் சுற்றி வாய்க்கால். வாய்க்காலையே பதுங்குகுழியாக்கி, முன்னால் முள்கம்பி இழுத்து, இயந்திரத் துப்பாக்கி வைத்து, "வா" என்று உட்கார்ந்துவிட்டார். 1915 ஏப்ரல் 6, 7 தேதிகளில் வில்லாவின் குதிரைப்படை முப்பது தடவைக்கு மேல் பாய்ந்தது. ஈர வயலில் குளம்பு புதையும், வாய்க்காலில் தடுக்கும், கம்பியில் சிக்கும். மறுபடி 13 முதல் 15 வரை அதே இடம், அதே பாய்ச்சல். இரண்டாவது தடவை மூன்றாம் நாள் ஒப்ரெகோன் ஒளித்துவைத்திருந்த குதிரைப்படையைப் பக்கவாட்டில் விட்டார். வில்லாவுக்கு ஆயிரக்கணக்கில் உயிரும் பீரங்கிகளும் போயின. சண்டைக்கே போகாதீர்கள், வடக்கே இழுத்து அவர் சப்ளை நீளட்டும் என்று ஆங்கெலெஸ் முன்கூட்டியே சொல்லியிருந்தார்.

முட்டாள்தனம்தான். ஆனால் ஏன் அவசரம்? கையில் தோட்டா குறைவு, ஐரோப்பிய யுத்தத்தால் அமெரிக்கத் தோட்டா விலை ஏறிவிட்டது, நோட்டு செல்லாமல் போய்க்கொண்டிருக்கிறது, மந்தை தீர்ந்துவிட்டது. காத்திருக்க வசதி இல்லாதவர் அவர். கர்ரான்சாவுக்கோ வேராகுரூஸ் சுங்கம். மார்ச்சில் அவர் தளபதி அல்வராதோ யுகத்தான் மாநிலத்தைப் பிடித்ததிலிருந்து அங்கே விளையும் கற்றாழை நார்க் காசும் வந்தது. அமெரிக்க விவசாயி கோதுமைக் கதிரைக் கட்டும் கயிறு அந்த நாரில்தான் திரித்தது. அந்த ஜனவரியிலேயே நிலத்தைத் திருப்பித் தருவதாகச் சட்டமும் போட்டுவிட்டார். வில்லாவின் நிலச் சட்டம் வந்தது மே மாதம், செலாயாவில் தோற்ற பிறகு. யார் நம்புவார்கள்?

ஜூன் 11, மாலை 6.50

ஒப்ரெகோனுக்கும் விலை இருந்தது. 1915 ஜூன் 3 அன்று லியோன் பக்கம் நடந்த சண்டையில் குண்டு விழுந்து வலது கை போனது. வலி தாங்காமல் துப்பாக்கியை எடுத்துத் தன்னையே சுட்டுக்கொள்ளப் பார்த்தார். முந்தின நாள் அதைத் துடைத்த உதவியாளர் தோட்டாவைத் திரும்பப் போட மறந்திருந்தார். பின்னாளில் ஜனாதிபதி ஆனதும் அவரே இந்தக் கதை சொல்வார்: கையைத் தேடிக் கிடைக்கவில்லை, உதவியாளர் ஒரு தங்கக் காசை எடுத்து மேலே தூக்கிப் பிடித்தார், அறுந்த கை துள்ளி வந்து காசைப் பிடித்துக்கொண்டது. தன் ஊழலைத் தானே கிண்டல் அடிக்கிற அரசியல்வாதி. நம்ம ஊரில் அந்தத் தைரியம் யாருக்கும் இல்லை.

ஜூன் 13, காலை 10.00

"அமெரிக்காதான் கவிழ்த்தது" என்று நான்கு பேர் எழுதிவிட்டார்கள். ஓரளவுக்கு.

1914 ஆகஸ்டில் எல்லையில் எடுத்த ஒரு புகைப்படம் இருக்கிறது: ஒப்ரெகோன், வில்லா, அமெரிக்க ஜெனரல் பெர்ஷிங், மூவரும் ஒரே வரிசையில். அன்றைக்கு வில்லா அமெரிக்காவின் செல்லப்பிள்ளை. 1915 அக்டோபர் 19-ல் கர்ரான்சா அரசை அமெரிக்கா அங்கீகரித்தது. அதாவது ஜெயிக்கிற குதிரையின் மேல் கட்டினார்கள், செலாயாவுக்குப் பிறகு. கவிழ்த்தார்கள் என்பதைவிடக் கவிழ்ந்தவர் மேல் ஏறிப் போனார்கள் என்று சொல்லலாம்.

ஏறியதும் ரயிலில்தான். நவம்பர் முதல் வாரம் சொனோரா எல்லையில் அகுவா பிரியெத்தா ஊரைத் தாக்க வில்லா மலையேறி வந்து சேர்ந்தார். உள்ளே சின்னக் காவல்படை இருக்கும் என்ற கணக்கு. கர்ரான்சா தன் சிப்பாய்களை அமெரிக்க மண் வழியாக, அமெரிக்க ரயிலில் ஏற்றி, ஊருக்குள் ஆயிரக்கணக்கில் இறக்கியிருந்தார். தற்காப்புக்குத் தலைவர் காயெஸ் (இந்தப் பெயரை மறக்க வேண்டாம்). ராத்திரித் தாக்குதலில் தேடுவிளக்கு வெளிச்சம் முகத்தில் அடித்தது. அது எல்லைக்கு அந்தப் பக்கத்திலிருந்து வந்த வெளிச்சம் என்றே வில்லா நம்பினார்.

அதற்குப் பின் வந்தது வேறு வில்லா.

ஜூன் 13, இரவு 9.35

ஓர் அம்மா "ராபின் ஹூட் மாதிரி ஆளை ஏன் இப்படிக் குறைக்கிறீர்கள்" என்று கேட்டிருக்கிறார். அம்மா, கொஞ்சம் கேளுங்கள்.

1915 டிசம்பர் 2. சொனோராவில் சான் பெட்ரோ தெ லா குவேவா என்ற கிராமம். கொள்ளையர் என்று நினைத்து ஊர்க்காரர்கள் வில்லாவின் ஆட்களைச் சுட்டுவிட்டார்கள். வில்லா ஊர் ஆண்களை வரிசையில் நிறுத்தச் சொன்னார். எழுபதுக்கு மேற்பட்டவர்களைச் சுட்டார்கள். காலைப் பிடித்துக் கெஞ்சிய பாதிரியாரை வில்லா தன் கையால் சுட்டார். 1916 டிசம்பரில் கமார்கோவில் எதிர்ப்படையோடு இருந்த பெண்களைக் கொன்றதும், 1917-ல் நமிகிப்பா ஊர்ப் பெண்கள் மேல் நடந்த அட்டூழியமும் இந்தக் கணக்கில்தான் வரும். நமிகிப்பா ஒரு காலத்தில் அவருக்கு ஆள் கொடுத்த ஊர். சீனக் கடைக்காரர்களையும் விட்டு வைக்கவில்லை.

அவர் பள்ளிக்கூடம் திறந்தார், மலிவு விலையில் இறைச்சி விற்றார், தெருப் பிள்ளைகளைப் படிக்க அனுப்பினார். அதுவும் உண்மை. ஜெயிக்கும்போது தாராளம், தோற்கும்போது இது. இரண்டையும் கூட்டிக் கழித்து ஒரு விடை எடுக்க எனக்கு விருப்பமில்லை. சான் பெட்ரோ ஊர்க்காரரிடம் போய் ராபின் ஹூட் என்று மட்டும் சொல்லாதீர்கள்.

ஜூன் 14, காலை 7.50

கொலம்பஸ் தாக்குதல், சீக்கிரமாக: 1916 மார்ச் 9 விடியலில் சுமார் 500 பேருடன் எல்லை தாண்டி நியூ மெக்சிகோவின் கொலம்பஸ் ஊரைத் தாக்கினார். அமெரிக்கர் தரப்பில் 18 பேர் வரை செத்தார்கள், அவர் தரப்பில் அதைவிடப் பல மடங்கு. பெர்ஷிங் சுமார் 10,000 பேரோடு உள்ளே வந்து 1917 பிப்ரவரி வரை தேடியும் பிடிக்கவில்லை. எட்டு விமானம் கொண்டு வந்தார்கள், சில வாரங்களில் பெரும்பாலானவை உடைந்தன. மெக்சிகோ ரயில் பாதையைப் பயன்படுத்த கர்ரான்சா விடவில்லை. லாரிகளை வாங்கி மண் பாதையில் ஓட்டினார்கள். அதே கர்ரான்சா, அதே வைத்தியம். வில்லா அப்போது காலில் குண்டடிபட்டு ஒரு குகையில் கிடந்தார்.

ஜூன் 14, மதியம் 1.15

இந்தியத் தொடர்பு ஏதாவது உண்டா என்று ஒருவர். வில்லாவோடு இல்லை. எம்.என். ராய் 1917-ல் மெக்சிகோ போய்ச் சேர்ந்தார், கர்ரான்சா அரசின் ஆதரவில் இருந்தார், 1919-ல் அங்கே கம்யூனிஸ்ட் கட்சி தொடங்கியவர்களில் ஒருவர். நம்ம ஆளுக்கு வாய்த்ததும் தாடிக்காரர் பக்கம்தான்.

ஜூன் 16, இரவு 8.40

முடிவுக்கு வருகிறேன். 1919 ஏப்ரலில் சபாத்தாவைச் சூழ்ச்சியாகக் கொன்றார்கள். நவம்பரில் ஆங்கெலெஸை சிவாவாவில் ஒரு நாடகக் கொட்டகையில் வைத்து விசாரித்துச் சுட்டார்கள். 1920 மே மாதம் கர்ரான்சாவையே ஒப்ரெகோன் கூட்டணி கவிழ்த்தது, மலைப்பாதையில் கொல்லப்பட்டார். இடைக்கால ஜனாதிபதி தெ லா உவேர்த்தா (பழைய உவேர்த்தா இல்லை, வேறு ஆள்) சமாதானம் பேசத் தயார்.

வில்லா என்ன செய்தார்? பாலைவனத்தைக் குறுக்கே கடந்து, யாரும் எதிர்பார்க்காத சபினாஸ் ஊரைப் பிடித்து, ரயில் பாதையைத் துண்டித்து, பேச்சுக்கு உட்கார்ந்தார். சபினாஸ் எங்கே? கோவாவீலா கரிச் சுரங்கப் பகுதியில். ஆறு வருடம் தாமதம். 1920 ஜூலை 28 கையெழுத்து: கனுட்டியோ பண்ணை அவருக்கு, 50 மெய்க்காவலர்களுக்குச் சம்பளம் அரசாங்கம் தரும். பண்ணையில் டிராக்டர் ஓட்டினார், பள்ளிக்கூடம் கட்டி ஃபெலிப்பே ஆங்கெலெஸ் பெயர் வைத்தார். பேசாமல் இருந்திருக்கலாம். 1922-ல் ஒரு பத்திரிகை நிருபரிடம் தெ லா உவேர்த்தாவைப் புகழ்ந்தார், வேண்டுமென்றால் எத்தனை ஆயிரம் பேரைத் திரட்ட முடியும் என்றும் பேசினார். அடுத்த தேர்தலுக்கு ஒப்ரெகோனின் ஆள் காயெஸ். அகுவா பிரியெத்தா காயெஸ்.

ஜூன் 17, காலை 9.25

1923 ஜூலை 20, பர்ரால். ஞானஸ்நான விருந்துக்குப் போய்விட்டு, சம்பளத் தங்கத்தையும் வாங்கிக்கொண்டு, தன் டாட்ஜ் காரைத் தானே ஓட்டி வந்தார். 50 காவலரில் சிலர் மட்டும் கூட. செலவு அதிகம் என்று செயலாளர் திரியோ குறைக்கச் சொன்னதாகச் சொல்வார்கள். அவரும் அதே காரில் செத்தார். கொலையாளிகள் மூலை வீட்டை வாடகைக்கு எடுத்துக் காத்திருந்தார்கள். பூசணி விதை விற்கிற ஆள் ஒருவர் "வீவா வில்லா" என்று கூவினார், அதுதான் சைகை. உடம்பில் ஒன்பது குண்டு. ஊர்க் காவல்படை அன்றைக்கு வெளியூரில், செப்டம்பர் சுதந்திர தின அணிவகுப்புக்கு ஜூலையிலேயே ஒத்திகை பார்க்கப் போயிருந்தது.

சாலாஸ் பர்ராசா என்ற சட்டமன்ற உறுப்பினர் நான்தான் செய்தேன் என்று முன்வந்தார். 20 வருடம் தீர்ப்பு. சில மாதங்களில் வெளியே வந்துவிட்டார். மேலே யார் என்று கேட்கிறீர்கள். ஒத்திகைக்கு உத்தரவு போட்டது பூசணி விதைக்காரர் இல்லை என்பது வரை சொல்லலாம்.

ஜூன் 17, இரவு 10.05

தலை எங்கே என்று கேட்டவருக்கு: 1926 பிப்ரவரியில் யாரோ கல்லறையைத் தோண்டி எடுத்துப் போனார்கள், கிடைக்கவே இல்லை. 1976-ல் மிச்சத்தைத் தலைநகரின் புரட்சி நினைவுச் சின்னத்துக்குக் கொண்டுபோனார்கள். அங்கே தூண்களுக்குள் மதேரோ இருக்கிறார், கர்ரான்சா இருக்கிறார், காயெஸ் இருக்கிறார், பின்னால் ஜனாதிபதியான கார்தெனாஸ் இருக்கிறார். ஒப்ரெகோன் சொந்த மாநிலம் சொனோராவில். அவர் கை மட்டும் தலைநகரில் ஒரு நினைவிடத்தில் கண்ணாடிக் குடுவையில் 1989 வரை இருந்தது, பிறகு எரித்துவிட்டார்கள்.

சபாத்தா ஏன் அங்கே இல்லை என்று அடுத்த கேள்வி வரும். கொண்டுவர அரசு முயன்றது, 1979-ல். கர்ரான்சா பக்கத்திலா என்று மொரேலோஸ் மக்கள் எதிர்த்தார்கள், திட்டத்தைக் கைவிட்டார்கள். அவர் இன்னும் குவாவுத்லாவில்தான்.